வழிமொழிபவர்

ஜெலுத்தோங் கிளைக் கூட்டம், ஞாயிறு, காலை பத்து.
தொடங்கியது பத்தே முக்காலுக்கு.
பத்து என்றே எழுதினேன்.
பதினோரு வருடமாக அப்படித்தான்.

நான் குறிப்பெடுப்பவள்.
இருமல், ஏப்பம், யார் பையிலோ அலறிய சாமிப் பாட்டு,
"உட்காரும்மா, அப்புறம் பேசலாம்"
எதுவும் குறிப்பில் ஏறாது.
தலைவர் உரை ஏறும். பொருளாளர் அறிக்கை ஏறும்,
கையிருப்பு நானூற்றுப் பன்னிரண்டு வெள்ளி.
கடைசியில் ஒரு வரி:
மீகூன் கோரெங் ஏற்பாடு செய்த மகளிர் பகுதிக்கு நன்றி.
அதைப் பேருந்திலேயே எழுதி முடித்துவிடுவேன்.

இந்த முறை ஏழாவது அங்கம் என்னுடையது.
மாநகர் மன்றத்துக்குக் கிளை பரிந்துரைக்கும்
நான்கு பெயர்களில் இரண்டு பெண்கள்
என்று முந்தின இரவு எழுதியிருந்தேன்.
கொம்தார் தாண்டும்போது இரண்டை அடித்து
ஒன்று ஆக்கினேன்.
யாரும் பேரம் பேசவில்லை. நானே பேசி நானே குறைத்தேன்.

தகரக் கூரையில் மழை பிடித்துக்கொண்டது.
தலைவர் குணாளன் நல்லவர்தான்,
என் கல்யாணத்துக்குக் குடும்பத்தோடு வந்தவர்.
"நல்ல கருத்து" என்றார்.
"தகுதி இருந்தா தானா வரப்போகுது. யாரும்மா தடுத்தா?"
பட்டியலின் முதல் பெயர்க்காரர்
மூன்று தவணை மன்றத்தில் உட்கார்ந்து
கால்வாய் அடைப்பைப் பற்றி ஒருமுறை பேசியவர்.
அவருக்கு முன்னால் அந்தச் சொல்லை
யாரும் எடுத்து வைத்ததில்லை.

"சரி, வழிமொழிபவர் யார்?"

முன்மொழிய ஒரு வாய் போதும்.
இன்னொன்று திறக்காவிட்டால்
தீர்மானம் பிறந்ததாகவே கணக்கில்லை.
முப்பத்தொரு தலைகள். மின்விசிறி.
முன் வரிசையில் மகளிர் பகுதித் தலைவி
கைப்பைக்குள் எதையோ தேட ஆரம்பித்தார்.
ஒத்திவைக்கப்பட்டது:
என் கையெழுத்திலேயே அழகாக வரும் சொல் அது,
அவ்வளவு பழக்கம்.
'ஒ'வை வளைக்கத் தொடங்கியிருந்தேன்.

"நான்."

அடுப்படிக் கதவருகில், கையில் கரண்டியோடு.
பாயான் லெப்பாஸில் ராத்திரி வேலை முடித்து
தூங்காமல் வந்து மீகூன் பிரட்டுகிறவள்.
"ஏம்மா, உறுப்பினர்தான் வழிமொழியணும்" என்றார் பொருளாளர்.
ஈரக்கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டு
சந்தா ரசீதுகளை எடுத்துக் காட்டினாள்.
ஆறு வருடம். ரப்பர் பேண்டு போட்டு.
எல்லாவற்றிலும் அவர் கையெழுத்துதான்.

"ராத்திரி வேலைக்குப் போறவ
பிள்ளைய எங்க விட்டுட்டுப் போறான்னு
மன்றத்துல ஒருத்தராச்சும் கேக்கணும்ல."
உள்ளே ஏதோ தீய்ந்தது.
திரும்பிப் பார்த்தாள். போகவில்லை.

பெயர், என்று கேட்டேன்.
கேட்ட பிறகுதான் உறைத்தது.
ஆறு வருடமாக அவள் கையால் தின்கிறேன்.
என் குறிப்பேட்டில் அவள் ஒரே ஒருமுறை
ஆரோக்கியத்தின் மனைவி,
மற்ற நாளெல்லாம் மகளிர் பகுதி.

"மரியபுஷ்பம். 'ஷ்' போட்டு எழுதுங்க."

ஆதரவு ஒன்பது, எதிர்ப்பு பதினேழு.
மீதி ஐவருக்குக் கூரையில் ஏதோ வேலை இருந்தது.
தலைவி இன்னும் தேடிக்கொண்டிருந்தார்.

தோற்றது.
இந்தச் சொல்லை நான் எழுதியதில்லை.
பதினோரு வருடத்தில் எங்களுடையது எதுவும்
தோற்றதே இல்லை,
தோற்குமளவுக்கு அதை வளர விட்டால்தானே.
தோற்கவும் வேண்டியிருக்கிறது
ஒரு வழிமொழிபவர்.
எழுத்து கொஞ்சம் கோணலாக வந்தது.

மீகூன் அடிப்பிடித்திருந்தது.
தட்டோடு வரிசையில் நின்றவர்கள்
பரிமாற ஆளில்லை என்பதை
மெதுவாகத்தான் கண்டுகொண்டார்கள்.
நான் நன்றி வரியை அடித்தேன்.
பிறகு பக்கத்தைப் புரட்டி
மேலே போய்,
பத்தை அடித்துவிட்டு எழுதினேன்:
பத்தே முக்கால்.